கேள்வியோடு திரும்பி வரும் புத்தகங்கள்

புத்தகத்தைத் திருப்பித் தரும்போது அவள் அதை உடனே மேசைமேல் வைக்க மாட்டாள். கையில் பிடித்தபடியே நின்று ஒரு கேள்வி கேட்பாள். பதில் வந்தால் வைப்பாள். வராவிட்டாலும் வைப்பாள், கொஞ்சம் சத்தமாக.

மரக்காணம் கிளை நூலகத்தில் நான் சில வருடங்கள் நூலகராக இருந்தேன். சன்னலை ஒட்டிய அடுக்கில் ஒரே மாதிரியான புத்தகங்களைச் சேர்த்து வைத்திருந்தேன். ஏழை வீட்டில் பிறந்து, தடைகளைத் தாண்டி, நினைத்ததை அடைந்த இளைஞர்களின் கதைகள். எனக்கு முன்பு இருந்தவர் அவற்றை வாழ்க்கை வரலாற்றில் பாதி, தன்னம்பிக்கையில் பாதி என்று பிரித்துப் போட்டிருந்தார். இடம் மாறிக் கிடக்கும் புத்தகம் எனக்குச் செருப்புக்குள் மணல் போல. ஒரு வெள்ளிக்கிழமை, விடுமுறை நாளில் வந்து, எல்லாவற்றையும் ஓரிடத்துக்குக் கொண்டுவந்தேன். பெரும்பாலான அட்டைகளில் சூரியன் உதித்துக்கொண்டிருந்தது. மீதியில் ஒருவர் படி ஏறிக்கொண்டிருந்தார்.

அந்த வகைப் புத்தகங்களைப் பற்றி எனக்குத் தனி அபிப்பிராயம் கிடையாது. எடுத்துச் செல்கிறார்கள், திருப்பித் தருகிறார்கள், அட்டை சீக்கிரம் கிழிகிறது. அவள் அந்த அடுக்கைத் தவிர வேறு எதையும் தொட்டதில்லை.

உப்பளத்தில் வேலை செய்தாள். தொலைதூரக் கல்வியில் பட்டம் முடித்திருந்தாள். சட்டம் படிக்க வேண்டும், நீதிபதியாக வேண்டும் என்பது அவள் ஆசை. அதைச் சிரிக்காமல், வெட்கப்படாமல், பேருந்து எந்த ஊருக்குப் போகிறது என்று சொல்கிற குரலில் சொல்வாள். புத்தகத்தைப் பாலிதீன் கவருக்குள் போட்டு எடுத்துப் போவாள். உப்புத் தண்ணீரில் அவள் விரல் நுனிகள் வெடித்திருந்தன. அதனால் ஆள்காட்டி விரலின் பின்பக்கத்தால்தான் பக்கத்தைத் தள்ளுவாள். அவள் எடுத்துப் போன எந்தப் புத்தகமும் கறையோடு திரும்பியதில்லை. ஒரு நூலகர் இப்படிப்பட்டவற்றைக் கவனிக்கிறார்.

முதல் கேள்வி ஒரு மாட்டைப் பற்றியது. கிராமத்துப் பையன் ஒருவன் விஞ்ஞானியான கதை அது.

"சார், ரெண்டாவது அத்தியாயத்துல ஒரு செவல மாடு வருது. அதை மேய்ச்சுக்கினே படிச்சாருன்னு போட்டிருக்குது."

"ஆமாம்."

"அப்பால மெட்ராஸுக்குக் காலேஜ் போயிட்டாரு. சரி. மாடு இன்னா ஆச்சு?"

"மாடா?"

"வித்துட்டாங்களா, இல்ல வேற யாராச்சும் மேய்ச்சாங்களா? கடைசி வரைக்கும் தேடிப் பார்த்துட்டேன் சார். மாட்டைக் காணோம்."

எனக்குத் தெரியவில்லை என்றேன். புத்தகத்தை மேசைமேல் வைத்தாள், சத்தமாக. அவள் போன பிறகு நான் அந்தப் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தேன். அவள் சொன்னது சரி. மாடு இரண்டாவது அத்தியாயத்தோடு நின்றுவிட்டது. அன்றைய நாட்குறிப்பில், வானிலைக் குறிப்பான மேகமூட்டம் என்பதற்குக் கீழே, மாடு பற்றியும் ஒரு வரி எழுதி வைத்தேன்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு புத்தகமும் ஒரு கேள்வியோடுதான் திரும்பியது. விடியும் முன் எழுந்து படித்த பையனின் வீட்டில் அடுப்புப் பற்ற வைத்தது யார்? மலையேறப் போன பெண் விட்டுப்போன டீக்கடையில் அடுத்த நாள் டீ போட்டது யார்? "அது எழுதலியே சார்" என்பாள். குற்றம் சாட்டும் குரலாக இருக்காது. கணக்கில் ஒரு கூடை குறைகிறது, எங்கே போயிற்று என்று கேட்கும் குரலாக இருக்கும்.

நூலகத்தில் நீளமான மேசை ஒன்று உண்டு. அரசுத் தேர்வுகளுக்குப் படிக்கும் பையன்கள் அதைச் சுற்றி உட்கார்ந்திருப்பார்கள். அவர்களில் பக்கத்து ஊரான பிரம்மதேசத்துப் பையன் ஒருவனுக்கு அந்த அடுக்குப் புத்தகங்கள்மேல் பக்தி. பிடித்த வரிகளை எழுதி, பேனா டப்பாவுக்குள் ஒட்டி வைத்திருப்பான். அவனுக்கும் அவளுக்கும் ஒத்துப்போகாது. ஆனால் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் தேடி வந்து சண்டை போடுவார்கள்.

"அக்கா, அது மாட்டப் பத்தின புக்கு இல்ல. ஜெயிச்சவரப் பத்தின புக்கு."

"ஜெயிச்சவரு பால் குடிச்சாரா இல்லியா?"

"குடிச்சிருப்பாரு."

"அப்ப மாட்டப் பத்தியும்தான். ஏம்பா, நீ புக்கு படிக்கிறியா, கற்பூரம் காட்டுறியா?"

"நீ மட்டும் லா காலேஜ் போயிட்டா, ஜட்ஜு எழுந்து ஓடிருவாரு கா."

"மொதல்ல போறேன்டா. அப்பால ஓட்டறேன்."

மேசையே சிரித்தது. நானும் சிரித்திருக்கலாம். ஆனால் சட்டக் கல்லூரி விண்ணப்பம் வரும் மாதம் அதற்கு முன்பே இரண்டு முறை வந்து போயிருந்தது. இரண்டு முறையும் அவள் விண்ணப்பிக்கவில்லை. "பார்க்கணும் சார்" என்றாள். எதைப் பார்க்க வேண்டும் என்று நான் கேட்கவில்லை. அதைத் தெரிந்துகொள்ள உப்பள வேலை நடக்கும் விதம் கொஞ்சம் தெரிய வேண்டும்.

அங்கே தனி ஆளுக்கு உப்புப் பாத்தி கொடுப்பதில்லை. இரண்டு பேர் சேர்ந்து ஒரு ஜோடி. ஒருவர் விளைந்த உப்பைப் பலகையால் வாரி, கூடையில் நிரப்பி, மற்றவர் தலையில் தூக்கி வைப்பார். மற்றவர் அதைச் சுமந்துபோய் வரப்போரம் குவித்திருக்கும் அம்பாரத்தில் கொட்டுவார். நிரம்பிய உப்புக் கூடையைத் தானே தன் தலைக்கு ஏற்றிக்கொள்ள முடியாது. கணவனும் மனைவியும் ஜோடியாக இருப்பார்கள், அம்மாவும் மகளும் இருப்பார்கள். இவளுக்கு ஜோடி இவளுடைய அண்ணி. அண்ணன் சென்னையில் ஏதோ வேலையில் இருந்தார், பண்டிகைக்கு வருவார். வீடு இந்த இரண்டு பெண்களின் கைகளில் இருந்தது.

ஜோடி எப்படி முடிவாகும் என்பதற்கு ஒரு வழக்கம் இருந்தது. மழைக்காலம் முடிந்து, தண்ணீர் வடிந்ததும், பாத்தியின் களிமண் தரையைக் காலால் மிதித்து இறுக்குவார்கள். சரியாக இறுகாத தரையில் உப்போடு சேறும் சேர்ந்து வரும். இரண்டு பேராகக் கை கோத்துக்கொண்டு, அடி பிசகாமல், பாத்தி முழுவதும் மிதிக்க வேண்டும். முதல் நாள் மிதியில் யாரோடு கை கோத்தீர்களோ, அடுத்த மழை வரைக்கும் அவரே உங்கள் ஜோடி. மேஸ்திரி அதை எழுதிக்கொள்வதில்லை, மாற்றவும் மாட்டார். பருவத்துக்கு நடுவில் ஒருவர் விலகினால் பாத்தி வேறு ஜோடிக்குப் போய்விடும். மீந்தவர் மூட்டை தைக்கவோ லாரி ஏற்றவோ, கிடைத்த வேலைக்குப் போக வேண்டியதுதான். கல்லூரியோ பருவத்தின் நடுவில்தான் திறக்கும்.

ஆக, அவள் போனால் அண்ணியின் பாத்தி போய்விடும். எல்லாப் புத்தகங்களையும் பார்த்து அவள் கேட்ட கேள்வி ஒன்றுதான் என்பது இந்த வழக்கம் தெரிந்த பிறகுதான் எனக்கு விளங்கியது.

அவளுடைய அண்ணியை முதலில் பார்த்தது ஒரு வெள்ளிக்கிழமை காலை நடையில். கிழக்குக் கடற்கரைச் சாலையிலிருந்து இறங்கி வரப்பு வழியே கொஞ்ச தூரம் நடந்தேன். நெற்றியில் துண்டு கட்டிய, ஒல்லியான, நாற்பதைத் தொடாத பெண் தலையில் கூடை வாங்கிக்கொண்டிருந்தார். கூடையைத் தூக்கி வைத்தவள் என்னைப் பார்த்து, "அண்ணி, லைப்ரரி சார்" என்றாள்.

"நீங்கதானா சார் இவளுக்குப் புக்கு கொடுக்கறது?"

"ஆமாம்மா."

"கொஞ்சம் கேள்வி இல்லாத புக்கா பார்த்துக் கொடுங்க. கூடையத் தலையில வைக்கிறதுக்குள்ள நாலு கேள்வி கேக்கறா. நான் உப்பச் சுமக்கறதா, இவளுக்குப் பதிலு சுமக்கறதா?"

"நீ என்னிக்கு அண்ணி பதில் சொன்ன?"

"வாயப் பாருங்க சார். ஏற்கெனவே இவ வக்கீலுதான். கறுப்புக் கோட்டு ஒண்ணுதான் பாக்கி."

அவர் தலையில் கூடையோடு நின்றே பேசினார், கழுத்து ஆடவில்லை. உப்பைக் கொட்டிவிட்டுத் திரும்பும்போது, அவள் தூரத்தில் குனிந்து வாரிக்கொண்டிருப்பதைப் பார்த்துவிட்டு, என்னிடம் குரலைத் தாழ்த்திச் சொன்னார்: "அப்ளிகேஷன் போடற மாசம் வந்தா மட்டும் வாயே தொறக்க மாட்டா சார். கேள்வியெல்லாம் எங்க போவுதுன்னே தெரியாது."

அந்த வருடம் நவம்பரில் நூலக வார விழா நடத்தினோம். அது மழைக்காலம். பாத்திகள் எல்லாம் ஏரி போல நிறைந்து கிடந்ததால் உப்பளத்து ஆட்களுக்கு வேலை இல்லை. கூட்டம் வந்தது. பேச வந்தவர் சன்னலோர அடுக்கில் இருக்கும் புத்தகங்களில் சிலவற்றை எழுதியவர். வறண்ட ஊர் ஒன்றிலிருந்து கிளம்பி இதய மருத்துவரான ஒரு பெண்ணைப் பற்றிப் பேசினார். நன்றாகவே பேசினார். பிரம்மதேசத்துப் பையன் கண்ணைத் துடைத்துக்கொண்டான். கேள்வி கேட்கலாம் என்றதும் அவள் எழுந்தாள். நீள மேசைப் பையன்கள் ஒருவர் காலை ஒருவர் மிதித்துக்கொண்டார்கள்.

"ஐயா, அந்த டாக்டருக்கு ஒரு தங்கச்சி இருந்துச்சுன்னு எழுதியிருக்கீங்க."

"ஆமாம்மா."

"அக்கா படிக்கப் போயிட்டாங்க. தங்கச்சி இன்னா படிச்சுது?"

பின்னால் யாரோ சிரித்தார்கள். பேச வந்தவர் சிரிக்கவில்லை.

"நான் கேட்கலம்மா" என்றார். "அந்த வீட்டுல தங்கி, சாப்பிட்டு, எழுதினேன். சோறு போட்டது அந்தத் தங்கச்சிதான். அவங்கள ஒண்ணுமே கேட்கல." பிறகு, "நீ என்னம்மா பண்றே?" என்றார்.

"உப்பளத்துல வேலைங்க. லா படிக்கணும்."

"எப்போ?"

"பார்க்கணும்யா."

"எதைப் பார்க்கணும்?"

அவர் வாதத்துக்காகக் கேட்கவில்லை. உண்மையிலேயே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். அவள் உட்கார்ந்துவிட்டாள். விழா முடிந்து நாற்காலிகளை அடுக்கும்போது என்னிடம், "நல்ல மனுஷன் சார். தெரியலன்னா தெரியலன்னு சொல்லிட்டாரு" என்றாள். அன்று அவள் புத்தகம் எதுவும் எடுத்துப் போகவில்லை.

பொங்கல் கழிந்தது. சட்டக் கல்லூரிக்கு வேண்டிய முதல் பட்டதாரிச் சான்றிதழ் வாங்கத் திண்டிவனம் போகப்போவதாக ஒரு நாள் வந்து சொன்னாள். இந்த முறையாவது விண்ணப்பிக்கப் போகிறாயா என்றேன். "வாங்கி வச்சிக்க சொல்லி அண்ணி உசுர எடுக்குது. புதன்கிழமை போயிட்டு வர்றேன். வெள்ளிக்கிழமை மிதி இருக்குது" என்றாள். மிதிக்கப் போகிறாள் என்றால் அந்த வருடமும் கல்லூரி இல்லை. சான்றிதழ் பீரோவுக்குள்தான் இருக்கும். அது அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

புதன்கிழமை சாயங்காலம் ஃபைலோடு பேருந்திலிருந்து இறங்கி நேராக நூலகத்துக்கு வந்தாள். செய்தித்தாள் படிக்க வந்திருந்த உப்பள மேஸ்திரி நிமிர்ந்து பார்த்தார்.

"இன்னாமா, இந்த வருஷம் நீ வரலியாமே? படிக்கப் போறியாம்?"

"யார் சொன்னாங்க?"

"உங்க அண்ணிதான். காலையிலயே வந்து மிதிச்சிட்டாங்களே. அந்தப் பெருமுக்கல் அம்மாவோட."

பெருமுக்கல் அம்மா என்பவர் அந்த ஊரிலிருந்து இங்கே வாழ்க்கைப்பட்டு வந்தவர். அவர் கணவர் அந்த வருடம் வேறு வேலைக்குப் போய்விட்டதால் ஜோடி இல்லாமல் இருந்தார். மேஸ்திரி செய்தித்தாளுக்குத் திரும்பினார். அவள் ஃபைலை மேசைமேல் வைத்தாள். சத்தம் வரவில்லை.

சிறிது நேரத்தில் அண்ணியே வந்தார். நூலகத்துக்கு அவர் வந்தது அதுதான் முதல் முறை. வாசற்படிக்குக் கீழே நின்றார். முழங்கால் வரை களிமண் காய்ந்து வெடித்திருந்தது.

"உள்ள வரல சார். காலெல்லாம் சேறு."

அவள் வாசலுக்குப் போனாள். அந்தக் கால்களைப் பார்த்தாள்.

"வெள்ளிக்கிழமைன்னு சொன்ன."

"சொன்னேன்."

"ஏன் பொய் சொன்ன?"

"நெசத்தச் சொன்னா நீதான மொத ஆளா இறங்கியிருப்ப?"

"என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கணும் இல்ல?"

"உன்னைக் கேட்டா நீ திருப்பி என்னைக் கேப்ப. நான் போயிட்டா நீ இன்னா பண்ணுவ அண்ணி, நீ இன்னா பண்ணுவ அண்ணின்னு. வருஷா வருஷம் இதே கேள்வி. தோ, இன்னா பண்ணுவேன்னு பார்த்துக்க. பண்ணிட்டேன்."

"என்னை உட்டுட்டு வேற ஆளு கையப் புடிச்சி மிதிச்சிருக்க."

"ஆமாம்டி, உட்டுட்டேன். நீயும் உட மாட்ட, நானும் உடலன்னா எப்படி?"

"எனக்காகப் பெரிய தியாகம் பண்றியா?"

"தியாகமும் இல்ல, மண்ணாங்கட்டியும் இல்ல." அண்ணியின் குரல் உயர்ந்தது. "எனக்குப் பாத்தி இருக்குது, ஜோடி இருக்குது. என் பொழப்ப நான் பார்த்துக்கினேன். நீ எனக்குப் பாவம் பாக்கறத நிறுத்து. நீ போவாததுக்கு எவ்ளோ நாளைக்கு நான் சாக்கு?"

அவள் திரும்பி வந்து ஃபைலை எடுத்துக்கொண்டு, அண்ணியைத் தாண்டி, தெருவில் இறங்கி நடந்தாள். அவர் பின்னால் போகவில்லை. அவள் திருப்பத்தில் மறையும் வரை பார்த்திருந்துவிட்டு என்னிடம் கேட்டார்:

"அப்ளிகேஷன் எப்ப சார் வருது?"

"மே, ஜூன் ஆகும்மா."

"வந்தா எனக்குச் சொல்லி அனுப்புங்க. அவ சொல்ல மாட்டா."

சொல்லி அனுப்பத் தேவைப்படவில்லை. விண்ணப்பம் வந்த அன்றே போட்டாள். நடுவில் இருந்த மாதங்களில் பேருந்து நிலையத்துக்கு எதிரே ஜெராக்ஸ் கடையில் வேலை பார்த்தாள். நூலகத்துக்கு வந்தாள், அதே அடுக்கிலிருந்து எடுத்தாள், பேசாமல் திருப்பி வைத்தாள். வீட்டில் அண்ணியோடு பேச்சு இல்லை என்று பிரம்மதேசத்துப் பையன் சொன்னான். ஒரே பானைச் சோறு, இரண்டு மூலையில் சாப்பாடு.

கல்லூரியில் இடம் கிடைத்த செய்தி வந்த நாளில் பையன்கள் மிக்சர் வாங்கி வந்து மேசையில் கொட்டினார்கள். நூலகத்தில் உணவுப் பண்டம் கூடாது என்பது விதி. அன்று நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"அக்கா, உன்னைப் பத்தியும் ஒரு நாள் புக்கு போடுவாங்க பாரு" என்றான் அந்தப் பையன்.

"போட்டா சரியாப் போடச் சொல்லு. இவ கெளம்பிப் போவல, இவளக் கழட்டி உட்டாங்கன்னு."

எல்லோரும் சிரித்தார்கள். அவள் சிரித்ததாக எனக்கு நினைவில்லை.

மாவட்ட நூலகத்துக்குப் போகும் நாட்களில் நான் காலைப் பேருந்தில் கடற்கரைச் சாலை வழியாகப் போவேன். அவளும் கல்லூரிக்கு அதே வழி. மழைக்கு முந்தைய கடைசி வாரங்களில் ஒரு நாள் அவள் எனக்கு முன் இருக்கையில், சன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். மடியில் தடித்த சட்டப் புத்தகம். உப்பளம் வரும் இடத்தில் ஒரு லாரி குறுக்கே திரும்ப, பேருந்து நின்றது.

"அந்த அம்மாவுக்கு இடது கை சார்" என்றாள்.

"யாருக்கு?"

"அண்ணியோட ஜோடிக்கு. தோ பாருங்க. கூடை இடது பக்கமா வருது. அண்ணி கழுத்தத் திருப்பி வாங்குது."

பார்த்தேன். வெள்ளைப் பாத்திகளுக்கு நடுவே இரண்டு சிறிய உருவங்கள். வாங்குபவர் சாலைக்கு முதுகு காட்டி, கடலைப் பார்த்து நின்றிருந்தார். கழுத்து திரும்புகிறதா என்று அந்தத் தூரத்திலிருந்து எனக்குத் தெரியவில்லை.

"ஒவ்வொரு கூடைக்கும் இப்படித் திருப்பினா வீட்டுக்கு வந்தா கழுத்து அசையாது. ராவெல்லாம் தைலம் தேய்ச்சுக்கினு கிடக்குது. ஒண்ணுமில்ல, அப்படியே திரும்பி இந்தப் பக்கம் பார்த்து நின்னாப் போதும். கூடை நேரா ஏறும்."

"வீட்டில் சொன்னாயா?"

"பேசறதில்ல சார்."

லாரி நகர்ந்தது, பேருந்தும் நகர்ந்தது. அவள் சட்டப் புத்தகத்தைத் திறந்து, விரலின் பின்பக்கத்தால் ஒரு பக்கத்தைத் தள்ளினாள்.

இரண்டு வாரம் கழித்து அதே பேருந்தில் போனேன். அன்று அவள் முந்தைய வண்டியிலேயே போய்விட்டாள் போல, காணவில்லை. உப்பளம் வந்ததும் எட்டிப் பார்த்தேன். நெற்றியில் துண்டு கட்டியவர் நிற்கும் விதம் மாறியிருந்தது. இப்போது அவர் கடலுக்கு முதுகு காட்டி, சாலையைப் பார்த்து நின்றிருந்தார். பெருமுக்கல் அம்மா கூடையைத் தூக்கினார். அது நேராக ஏறி உட்கார்ந்தது. அண்ணி கூடையோடு ஒரு கணம் பேருந்தின் சன்னல்களைப் பார்த்தார், ஒவ்வொன்றாக. பிறகு அம்பாரத்தை நோக்கி நடந்தார்.